இருட்டறைப் பயிற்சி

ருஷ்யாக்காரன் வானவெளிக்கு ஆளை அனுப்பிய வருஷம், மலாய் நாட்டுக் காஜா பெராங்கில் எங்கள் வீட்டில் மௌத்து. என் தம்பி அப்துல் கய்யூம் நெஞ்சுவலியில் போய்விட்டான். அவன் பெண்சாதி பஷீராவுக்கு இருபத்தொரு வயதுதான். புருஷனை இழந்தவள் நான்கு மாதம் பத்து நாள் வெளியே போகாமல் இத்தாவில் இருக்கவேண்டும். சின்னப் பெண், ஊர் ஒரு சொல் சொல்லிவிடக்கூடாதென்று அதை நான்தான் இன்னும் கடுமையாக்கினேன். பக்கத்துக் குடியிருப்பான கம்போங் செட்டியின் பெண்கள் மலாய் மொழியில் கூப்பிட்டுப் பேசும் அவள் அறை ஜன்னலை ஆணியடித்து மூடினேன். சோற்றுத் தட்டை உள்ளே தள்ளுவேன், கதவைச் சாத்துவேன். பிள்ளைகள்கூட அவளிடம் பேசக்கூடாது.

பள்ளிவாசல் ஆலிம்சா வீட்டம்மா வந்து, "பொம்பளைங்க பக்கத்துல உக்காந்து பேசலாம்மா, மார்க்கத்துல தடையில்ல" என்றார். "எங்க வீட்டு மானம் எங்களுக்குத் தெரியும்" என்று முகத்தில் அடித்தாற்போல் சொல்லி அனுப்பிவிட்டேன். என் வாய் அப்படி.

ஒரு நாள் காலை என் வீட்டுக்காரர் ஷம்சுதீன் கோப்பி குடித்தபடி பேப்பர் வாசித்தார்.

"இதக் கேளு நூர்ஜஹான். வானவெளிக்குப் போறவன ராட்டினம் மாதிரி சுத்த விடுறானாம். ஓட விடுறானாம். சூட்டறையில போட்டு வேக வைக்கிறானாம்."

"வேல வெட்டி இல்லாதவனுங்க!"

"அதெல்லாம் தாங்கிடுறானுங்க. இருட்டறைதான் கஷ்டமாம். சத்தம் கிடையாது, பேச ஆள் கிடையாது. பத்து நாள். டாக்டருங்க வெளியே காவல் இருப்பாங்களாம். பொறுக்கி எடுத்த பட்டாளத்து ஆளுங்க, அவனுங்களுக்கே புத்தி தடுமாறிடும்னு பயமாம்."

"பத்து நாளுக்கா?"

கேட்டுவிட்டு நானே விரல் விட்டு எண்ணினேன். பஷீரா உள்ளே போய் எழுபத்து மூன்று நாள். அவள் குரலைக் கடைசியாக எப்போது கேட்டேன்? நினைவே வரவில்லை. அடிப்பாவி நூர்ஜஹான், என்ன காரியம் செய்துவிட்டாய்!

கையிலிருந்த கரண்டியைப் போட்டுவிட்டு ஓடிப்போய்க் கதவைத் திறந்தேன். பாயின் ஓரத்தில் பஷீரா ஒதுங்கி உட்கார்ந்திருந்தாள். தலையணை பாயின் நடுவில் கிடந்தது. காலையில் வைத்த இடியப்பத்தைச் சரிபாதியாகப் பிரித்து, ஒரு பங்கை மூடி வைத்திருந்தாள்.

"பஷீரா!" என்று கத்தினேன்.

அவள் பதறிப்போய் உதட்டில் விரலை வைத்தாள்.

"மெதுவாப் பேசுங்க மச்சி. உங்க தம்பி விடிய விடியப் பேசிக்கிட்டே இருந்தாக. இப்பத்தான் கண்ணசந்தாக."