நுவாசெத் தாண்டிய வேலி

ரதிதேவிக்குப் பாரிஸின் ரூ பெர்தொனே தெருவில் சாப்பாட்டுக் கடை. மகள் வதனிக்கோ அடுப்படி ஒத்துவரவில்லை. விடியமுதல் ரயிலேறி சாந்தியி என்ற ஊருக்குப் போவாள். வேலி தாண்டி ஓடும் பந்தயக் குதிரைகளை அங்கே பழக்குவாள், பந்தயத்திலும் ஓட்டுவாள்.

அங்கே நுவாசெத் என்றொரு பெண்குதிரை. வேகத்துக்குக் குறைவில்லை, அவசரம்தான் அதற்கு வியாதி. வேலியைக் கண்டதும் தூரத்திலேயே பாயும். பின்னங்கால் வேலியில் இடிபடும், இறங்கும்போது தடுமாறும். வதனியையும் விழுத்தியிருக்கிறது. விற்றுவிடலாம் என்றார் பயிற்சியாளர் பிராங்க்.

"இந்தக் குளிர்காலம் மட்டும் என்னிடம் விடுங்கள்" என்று கேட்டாள் வதனி.

கடிவாளத்தை இழுத்தால் நுவாசெத் இன்னும் முரண்டு பிடித்தது. அதனால் வேலிக்கு முன்னால் தரையில் ஒரு நீளக் கம்பைப் போட்டாள். அதைத் தாண்டக் காலடியைக் குறுக்க வேண்டும்; குறுக்கினால் வேலிக்குக் கிட்டப் போய்த்தான் எழும்பலாம். அவள் கையைத் தளர்த்தி, சேணத்தில் அசையாமல் இருந்தாள். குதிரையே கணக்குப் போடட்டும்.

பனி போனதும் கம்பை எடுத்துவிட்டாள். நுவாசெத் காதை நீட்டி வேலியைப் பார்த்தது. தானாகவே ஒரு குட்டிக் காலடி வைத்து எழும்பியது. வதனி அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு வாய்விட்டுச் சிரித்தாள்.

ஒத்தெய் குதிரைப் பந்தய மைதானத்தில் பந்தயம். ரதிதேவி பயந்து ஒருநாளும் பார்க்க வராதவள். அன்று கடையைப் பூட்டிவிட்டு, பட்டுச்சேலையில், மகன் மயூரனோடு வந்தாள்.

கடைசி வேலிக்கு முன்னால் ஒரு சாம்பல் குதிரை முந்திக்கொண்டிருந்தது. களைப்பில் அது தூரத்திலேயே பாய்ந்து, தடுமாறி இறங்கியது. விரட்டச் சொல்லி வதனியின் கையும் துடித்தது. அடக்கிக்கொண்டாள். நுவாசெத் காலடியைக் குறுக்கியது, எழும்பியது, இறங்கின வேகத்திலேயே பறந்தது.

"அம்மா, கண்ணைத் திறவுங்கோ!" மயூரன் தாயை உலுக்கினான்.

"விழுந்திட்டாளோ?"

"இல்லையம்மா, அக்கா வெண்டிட்டா!"

ரதிதேவி படியிறங்கி ஓடினாள். வியர்வையில் ஆவி பறக்க நின்ற குதிரையைக் கண்டதும் தயங்கினாள். பிறகு ஒற்றை விரலால் அதன் மூக்கைத் தொட்டாள்.

"என்ரை பிள்ளையைப் பத்திரமாக் கொண்டந்தனி. நல்லாயிருப்பாய்."

நுவாசெத் பலமாகத் தும்மியது. பட்டுச்சேலையெல்லாம் சளி.

"ஐயோ, பார் அதின்ரை மரியாதையை!" என்று கத்திய ரதிதேவி, முந்தானையாலேயே குதிரையின் மூக்கைத் துடைத்துவிட்டாள். பிராங்க் சிரித்த சிரிப்பில் அவருடைய தொப்பி கழன்று விழுந்தது.