ஹார்லோ வரைந்த மலை

முத்துக்குளிப்பைப் பார்க்க ஆயிரத்து எண்ணூற்று அறுபதுகளில் எங்கள் கரைக்கு வந்த ஓவியர் எட்மண்ட் ஹார்லோ. கண்ணால் கண்டதை அப்படியே வரைபவர் என்று லண்டனில் அவருக்குப் பெயர். அவர் படத்தில் கடல் இருக்கிறது, பனை இருக்கிறது, எங்கள் வீடுகள் இல்லை. காட்சியைக் கெடுக்கும் என்று விட்டுவிட்டார் போலிருக்கிறது.

நூற்றைம்பது வருஷம் கழித்து அந்தப் படத்தைக் காட்டித்தான், "நீங்கள் பிறகு வந்து ஆக்கிரமித்தவர்கள், காலி செய்யுங்கள்" என்றார் தாலுகா ஆபீஸிலிருந்து ஜீப்பில் வந்த அதிகாரி.

கிளாடிஸ் அக்கா படத்தை வாங்கிப் பார்த்தாள். "சார், பனைக்குப் பின்னால பெரிய மலை நிக்கே. தூத்துக்குடிக்கும் திருச்செந்தூருக்கும் நடுவுல எங்கன சார் மலை இருக்கு? இந்தாளு இல்லாததை வரைஞ்சிட்டு, இருக்கதை விட்டுட்டாரு."

அதிகாரி படத்தையும் மணலையும் மாறி மாறிப் பார்த்தார். ஜீப்பில் ஏறினார். நாங்கள் ஜெயித்துவிட்டதாக நினைத்து சர்பத் குடித்தோம்.

அடுத்த வாரம் இன்னொரு நோட்டீஸ் வந்தது. வீடுகளைக் காலி செய்வதோடு, மலையை அனுமதியின்றி வெட்டி விற்றதற்கும் நாங்கள் விளக்கம் தர வேண்டுமாம்.

"ஏலே இனிகோ, நாங்க வெட்டலன்னு எழுதிக் குடு" என்றாள் அக்கா என்னிடம்.

"அப்படி எழுதுனா மலை இருந்துச்சுன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிருமேக்கா."

அவள் நோட்டீஸை வாங்கி இன்னொரு தடவை படித்தாள். பக்கத்து வீட்டில் சாமான்களைக் கட்டத் தொடங்கியிருந்தார்கள்.