வெண்கல் பாதையில் பெரட்டு

இலங்கையில், நிவித்திகலைக்கு மேலே இருக்கும் தேயிலைத் தோட்டம் ஒன்றின் ஏழாம் நம்பர் மலையில், 2003ஆம் ஆண்டு, பன்னிரண்டு நாட்களாக ஒரு வணிகர் கூட்டம் பயணம் போய்க்கொண்டிருந்தது. நடத்திச் சென்றவள் புஷ்பம். கொழுந்து பறித்துக்கொண்டே சொல்லுவாள். கையும் நிற்காது, கதையும் நிற்காது.

அந்த உலகத்தில் இரண்டு நிலவுகள். மழை கிடையாது, அதனால் அட்டையும் கிடையாது. இந்த ஒன்றுக்காகவே பெண்கள் முதல் நாளே அதை ஏற்றுக்கொண்டார்கள். உப்பு ஏரியிலிருந்து கண்ணாடி நகரம் வரை ஏழு மலைகளைத் தாண்டிப் போகிறது வெண்கல் பாதை. எந்த ராஜா போட்டது என்று கேட்டால் பதில் இல்லை; ராஜாக்களுக்கும் முந்திய பாதை. ஆட்கள் நடந்து நடந்து கற்கள் கிண்ணம் போலக் குழிந்துவிட்டன. மூட்டை சுமப்பவை லொறி அளவு உடும்புகள். நாலாவது மலையில் சுங்கச்சாவடி. நிழலைக் கழற்றிக் கொடுத்துவிட்டுத்தான் தாண்ட வேண்டும், திரும்பும்போது வாங்கிக்கொள்ளலாம். உப்பு வியாபாரி மாகரனுக்குப் போன தடவை காவல்காரன் நிழலை மாற்றிக் கொடுத்துவிட்டான். அவனோ ஒல்லி. யாரோ ஒரு குண்டனின் நிழலோடு அலைகிறான்.

கங்காணி மூக்கையா காலையில் ஆளுக்கொரு செடி நிரை பிரிக்கும்போது புஷ்பத்துக்கு நடு நிரையைக் கொடுத்துவிடுவார். அவள் குரல் இரண்டு பக்கமும் நாலைந்து நிரைக்கு எட்டும். அதற்கு அப்பால், இடது பக்கம் துஷ்யந்தியும் வலது பக்கம் ஷாமிளாவும் திருப்பிச் சொல்ல வேண்டும். துஷ்யந்தி கேட்டதைக் கேட்டபடி சொல்லுவாள். ஷாமிளா அப்படியில்லை.

நடு நிரை புஷ்பத்துக்குப் பெரிய விஷயம். பதினெட்டு வருடமாக எத்தனை கிலோ பறித்தாய் என்பதைத் தவிர அவளிடம் யாரும் எதுவும் கேட்டதில்லை. இப்போது பேர் கூப்பிடும் பெரட்டுக் களத்துக்கு வரும்போதே மாகரனை விசாரிக்கிறார்கள்.

பதின்மூன்றாம் நாள் பத்து மணித் தேத்தண்ணிக்கு உட்கார்ந்தபோது வலது பக்கத்துப் பெண் ஒருத்தி, "பாவம் மாகரன், ஒத்தையில நடக்குறான்" என்றாள்.

"எங்க ஒத்தையில? நாப்பது பேரோட அஞ்சாவது மலை ஏறுறான்" என்றாள் புஷ்பம்.

"இல்லக்கா, தூங்கிட்டான். கூட்டம் விட்டுட்டுப் போயிருச்சே."

புஷ்பம் ஷாமிளாவைப் பார்த்தாள். ஷாமிளா ரொட்டியைச் சம்பலில் தொட்டுக்கொண்டிருந்தாள்.

"எப்புடி விட்டுட்டுப் போகும்? விடியக்காலம் கொம்பு ஊதி, பெரட்டுல நாப்பது பேரையும் பேர் கூப்புடுவாங்கன்னு மொத நாளே சொன்னேன்ல?"

"நா கதையிலருந்து பெரட்ட எடுத்துட்டேன்க்கா."

மூக்கையா கோப்பையிலிருந்து நிமிர்ந்தார். பிந்தி வரும் வியாபாரிக்கு அரை நாள் கூலியாக அரைப்பேர்தான் போட வேண்டும் என்று யோசனை சொன்னதே அவர்தான். "யாரக் கேட்டு எடுத்த?"

"அவங்க வேலைக்கா போறாங்க கங்காணி? யாவாரத்துக்குல்ல போறாங்க. நா ரத்தினபுரியில மர்சூக் முதலாளி துணிக்கடையில ரெண்டு வருஷம் நின்னேன். அவர ஒருத்தரும் பேர் கூப்புட்டதில்ல. நெனச்சா எட்டு மணிக்குத் தொறப்பாரு, இல்லாட்டி பத்து மணிக்கு."

"வராட்டி?"

"வராட்டி கடை பூட்டிக் கெடக்கும்."

"அந்த மனுசனுக்கு வழியில ஒண்ணு ஆயிட்டா?" என்று கேட்டாள் புஷ்பம். "யாருக்குத் தெரியும்?"

"தெரியாதுதான். அவரு தம்பி புவாட், சரக்கு எடுக்கப் போறேன்னு போயி ரெண்டு மாசம் கழிச்சு வந்தாரு. வந்தப்பதான் ஆளு போனதே எங்களுக்கு ஞாபகம் வந்துச்சு."

எல்லோரும் சிரித்தார்கள். இரண்டு நிலவு எதற்கு, உடும்பு என்ன தின்னும் என்றெல்லாம் துருவிக் கேட்டவர்கள் இவர்கள். வியாபாரிகள் வரிசையில் நின்று பேர் கொடுப்பதை மட்டும் பன்னிரண்டு நாளும் ஒருவரும் கேட்கவில்லை.

"நாளைக்கு ஷாமிளாவ நடுவுல விடுங்க கங்காணி. அவ கதை நல்லாப் போகுது" என்றது ஒரு குரல்.

"ஹரி ஹரி, காலையில பாப்போம்" என்று பாதி சிங்களத்தில் சரி சொன்னார் மூக்கையா. புஷ்பம் கூடைக் கயிற்றைத் தலையில் மாட்டினாள்.

பிற்பகல் முழுக்க அவள் விட்டுக்கொடுக்கவில்லை. ஐந்தாவது மலையில் கொம்பு ஊதினார்கள். நாற்பது பேரையும் கூப்பிட்டார்கள். மாகரன் "இருக்கேன்" என்றான். இடது பக்கம் மரியாதையாகக் கேட்டுக்கொண்டது. வலது பக்கம் வேறு எதற்கோ சிரித்தது.

வேலை விட்டு, மலைத் தண்ணீர் கொட்டும் பீலியில் குளிக்கும்போது அந்தத் தூங்கிப்போனவனைப் பற்றி யோசித்தாள். கண் விழிக்கிறான். உடும்பு இல்லை, ஆள் இல்லை, அணைந்த அடுப்புகள் மட்டும். அவனைக் காணோம் என்று யாரும் தேடி வரப்போவதில்லை. சரி, முதலில் எந்தப் பக்கம் காலை வைப்பான்? தலை துவட்டி முடிந்த பிறகும் அவளுக்குத் தெரியவில்லை. அதுதான் எரிச்சலாக இருந்தது. அவளுடைய ஆள், அவளுக்கே தெரியவில்லை.

மறுநாள் காலை மூக்கையா எல்லோரையும் ஒரு முறை முறைத்துவிட்டு, "புஷ்பம், நடு நிரை" என்றார். பெரட்டை விட்டுக்கொடுக்க அவருக்கு மனமில்லை.

"அத ஷாமிளாவுக்குப் போடுங்க. எனக்கு அவ பக்கத்து நிரை."

"கோவமா?"

"கோவந்தான். பக்கத்துல நின்னாத்தானே சண்ட போடலாம்."

மலையில் ஏறியதும் ஷாமிளா கூடையைச் சரிசெய்துகொண்டு ஒரு கைப்பிடி பறித்தாள். பிறகு தொடங்கினாள். "மாகரன் ஒரு ஆத்துக்கிட்ட வந்துட்டான்."

"மழையே இல்லாத சீமையில ஆறு ஏது?" என்றாள் புஷ்பம் உடனே.

"பாதைய விட்டு எறங்கிட்டான்க்கா. அங்கிட்டு நீங்க போனதில்ல."

புஷ்பம் இரண்டு செடி பறித்தாள். "நீ போயிருக்கியா?"

"நானும் இல்ல" என்று ஒப்புக்கொண்டாள் ஷாமிளா. குரல் தணிந்தது. "எப்புடித் தாண்டுவான்னு ராவெல்லாம் யோசிச்சேன். ஆழம் எவ்வளவுன்னே தெரியல. நீங்க சொல்லுங்களேன்."

இரண்டு பக்கமும் நிரைகள் காத்திருந்தன. புஷ்பம் கைப்பிடிக் கொழுந்தைத் தோளுக்கு மேல் கூடைக்குள் போட்டாள்.

"இடுப்பளவு" என்றாள். இன்னும் ஒரு செடி தள்ளி, "இல்ல, நெஞ்சளவு வையி. தலையில உப்பு மூட்ட."

"நனைஞ்சா கரைஞ்சிருமே" என்றார் பின்னாலிருந்து மூக்கையா. "மூட்டைய விட்டுட்டுப் போவானா?"

"பொறுங்க கங்காணி" என்றாள் புஷ்பம். "எனக்கே இன்னும் தெரியல."