முகம் மட்டும்தான் என்னோடது

சிட்டுவுக்குப் பதினாறு வயது. பள்ளிக் கைப்பந்து அணிக்கு அவள்தான் கேப்டன். "தேர்வுக்குழு ஆள்" என்று சொல்லிக்கொண்ட ஒருவன் ஒரு மாதமாக அவளோடு போனில் பேசிவந்தான். பெரிய அணியில் இடம் வாங்கித் தருகிறேன் என்று தேனொழுகப் பேசியவன், அன்று காலை ஒரு படம் அனுப்பினான். பார்த்ததும் அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. முகம் அவளுடையது. மற்றதெல்லாம் ஒட்டுவேலை.

"நாளைக்கு சாயங்காலம் பஸ் ஸ்டாண்டுக்குத் தனியா வா. இல்லேன்னா இது உன் வகுப்பு பூராவும் போகும்" என்று கீழே எழுதியிருந்தான்.

அழுது தீர்த்துவிட்டு, அம்மா இஸ்திரி போடும் சலவைக்கடைக்கு நேராகப் போனாள். படத்தைப் பார்த்த அம்மாவுக்கு முகம் வெளுத்துவிட்டது.

"முதல்ல இதை அழிடி. வெளிய தெரிஞ்சா மானம் கப்பலேறிடும்."

"மாட்டேன்மா. அவன்தான் அனுப்பினான்னு காட்ட இது ஒண்ணுதான் இருக்கு. தப்புப் பண்ணவன் அவன். நான் எதுக்கும்மா ஒளியணும்?"

 அம்மா இஸ்திரிப் பெட்டியை அணைத்துவிட்டுச் செருப்பை மாட்டினாள்.

காவல் நிலையத்தில் எழுத்தர், "இந்த வயசுல பொண்ணுக்குப் போன் எதுக்கும்மா?" என்று ஆரம்பித்தார்.

"அவன் மாட்டினதும் கேள்வியெல்லாம் அவன்கிட்ட கேளுங்க சார். இப்ப புகாரை எழுதுங்க" என்றாள் அம்மா.

எழுதினார்.

மறுநாள் முதல் வகுப்பிலேயே சிட்டு டீச்சரிடம் கேட்டுக்கொண்டு எழுந்து நின்றாள்.

"உங்க போனுக்கு ஒரு படம் வரலாம். முகம் மட்டும்தான் என்னோடது, மத்ததெல்லாம் பொய். அதை யாராவது இன்னொருத்தருக்கு அனுப்பினா, அவங்க பேரும் புகார்ல ஏறும்."

கடைசி பெஞ்சில் நெட்டை எழுந்தாள். சிட்டுவின் அணியில் ஆடுகிறவள்.

"எனக்கும் அதே ஆள்தான்டி. இன்னிக்கு சாயங்காலம் நான் போறதா இருந்தேன்."

சொல்லும்போதே உடைந்து அழுதாள். சிட்டு ஓடிப்போய் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். டீச்சர் இருவரையும் அழைத்துக்கொண்டு காவல் நிலையத்துக்குக் கிளம்பினார்.

சாயங்காலம் பஸ் ஸ்டாண்டில் பெண்களுக்குப் பதில் போலீஸ் நின்றது. அவன் போனில் இன்னும் ஒன்பது பெண்களின் படங்கள் இருந்தன. மாட்டுவதற்கு முன், சிட்டு வராத ஆத்திரத்தில், அவள் படத்தை வகுப்புக்கு அனுப்பியும் இருந்தான். வகுப்பில் ஒருவன் மட்டும் சிரித்தான். மற்றவர்கள் பார்த்த பார்வையில் அவனும் அடங்கிப்போனான்.

அந்த வாரமே சலவைக்கடைக்கு வந்த ஒரு அம்மாள் குரலைத் தாழ்த்தினாள். "உன் பொண்ணு படம் ஏதோ..."

"ஆமா, என் பொண்ணுதான் அவனைப் பிடிச்சுக் குடுத்தா" என்றாள் அம்மா, கடை முழுக்கக் கேட்கும்படி. "உங்க துணி நாளைக்குத்தான் கிடைக்கும்."