நான்கு பக்க வசனம்

1

இந்தக் கதை எனக்குச் சமையலறையில் கிடைத்தது. என் பெரியம்மா மகள் ஒப்பனைக் கலைஞர். இருபத்தாறு வருடமாக ஒரே நடிகரின் முகத்தில் வேலை பார்ப்பவள். வெங்காயம் நறுக்கிக்கொண்டே சொல்லி முடித்துவிட்டு, "எழுதிடாதடா" என்றாள். கொஞ்சம் கழித்து, "எழுதினா பேரு போடாத" என்றாள். இரண்டாவதை அனுமதியாக எடுத்துக்கொண்டேன்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: 'உலகமே கொண்டாடும் அந்த மகா கலைஞனின் கண்களுக்குள் ஒரு…'

வேண்டாம். கண்களுக்குள் என்ன இருந்தது என்று எனக்கு எப்படித் தெரியும்? அக்காவுக்கே தெரிந்ததெல்லாம் கண்ணுக்குக் கீழே இருந்த கருவளையம்தான்.

2

அவர் மேடை நாடகத்திலிருந்து வந்தவர். ஒலிபெருக்கி இல்லாமலே கடைசி வரிசைக்குக் கேட்கும் குரல். மூன்றாவது படத்தில், இறந்த மகனை மருத்துவமனையில் அடையாளம் காட்டும் அப்பா வேடம். மொத்தம் இரண்டு வரி வசனம். கேமரா ஓடியது. வசனம் மறந்துவிட்டது.

நிஜமாகவே மறந்துவிட்டது. உதடு வார்த்தையைத் தேடி லேசாக அசைந்ததை அக்கா பார்த்திருக்கிறாள். நாற்பது நொடி அப்படியே நின்றார். இயக்குநர் நிறுத்தச் சொல்லவில்லை.

"சாரி சார், மறந்துட்டேன். இன்னொரு டேக் போயிடலாம்."

"மறந்தீங்களா? சும்மா இருங்க சார்" என்றாராம் இயக்குநர், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

அந்த நாற்பது நொடிக்காக வெளிநாட்டு விழாவொன்றில் ஆசியாவின் சிறந்த நடிகர் விருது. அப்புறம் வந்ததெல்லாம் பேசாத வேடங்கள்: ஜன்னலோரம் நிற்பவர், ஆயுள் கைதி, எல்லாவற்றையும் கேட்டுக்கொள்ளும் நீதிபதி. படப்பிடிப்பில் அவருக்குப் பட்டப்பெயரே 'மௌனம்'. "மௌனம் வந்தாச்சா?" என்றுதான் கேட்பார்கள்.

(ஒரு சந்தேகம். மறந்துபோனதற்குப் பரிசு வாங்கினால் அது ஏமாற்றா? மறந்து தவித்த முகம் அவருடையதுதானே? இதைப் பற்றி ஒரு பக்கம் எழுதினேன். கட்டுரையாகிவிட்டது. கிழித்துவிட்டேன்.)

மனிதர் உண்மையில் வாயாடி. "கொஞ்சம் வாய மூடுங்க சார், மீசை ஒட்டணும்" என்பதுதான் அக்கா தினமும் அவரிடம் சொல்லும் முதல் வார்த்தை.

3

போன வருடம், அவருடைய அறுபத்தோராவது வயதில், ஓர் இளம் பெண் இயக்குநர் கதை சொல்ல வந்தாள். விபத்துக்குள்ளான ரயிலின் ஓட்டுநர் விசாரணைக் குழு முன்னால் வாய் திறக்கிறார். நான்கு பக்க வசனம்.

கதையை முழுக்கக் கேட்காமலே ஒப்புக்கொண்டார். இரண்டு மாதம் ஒத்திகை. "குளியலறைல யாரோட சண்டைன்னு பக்கத்து வீட்ல கேக்கறாங்க" என்று மனைவி அலுத்துக்கொண்டார். படப்பிடிப்பில் ஒரே டேக். ஒரு எழுத்து பிசகவில்லை. விளக்கு பிடித்தவர்கள் கைதட்டினார்கள்.

இங்கேயே முடித்திருப்பேன். 'அன்றுதான் அவர் முதன்முறையாக…' என்று எழுதியும் விட்டேன். ஆனால் விஷயம் அங்கே முடியவில்லை.

4

ஒரு மாதம் கழித்து அந்தப் பெண் அவரைப் படத்தொகுப்பு அறைக்குக் கூப்பிட்டாள். அக்காவும் கூடப் போனாள்.

"கோச்சுக்காதீங்க சார். பேசறதுக்கு முன்னாடி தண்ணி குடிச்சிட்டு கொஞ்ச நேரம் நின்னீங்கல்ல? அத மட்டும் வச்சு, வசனமே இல்லாம ஒண்ணு வெட்டிப் பாத்தேன்."

இரண்டையும் போட்டுக் காட்டினாள்.

"எது அக்கா நல்லாருந்துச்சு?" என்றேன்.

வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த அக்காவின் கத்தி நின்றது. "அதான்டா கொடுமை. ரெண்டாவதுதான்."

"அவருக்குப் புரிஞ்சுதா?"

"புரியாம இருக்குமா? எப்பேர்ப்பட்ட நடிகர்!"

அந்தப் பெண் சொல்லியிருக்கிறாள்: "முடிவு உங்களோடது சார். வேணாம்னா தொடவே மாட்டேன்."

அவர் அக்காவைப் பார்த்து, "நீ கொஞ்சம் வெளிய இரும்மா" என்றார். பத்து நிமிடம் கதவு மூடியிருந்தது. திரும்பும் வழியெல்லாம் காரில் பேசிக்கொண்டே வந்தாராம்: மனைவியின் முழங்கால் வலி, பக்கத்து வீட்டு நாய், பஞ்சரான டயர். அதைப் பற்றி மட்டும் மூச்சு விடவில்லை.

5

படம் இன்னும் வரவில்லை. இரண்டு முடிவுகள் எழுதினேன். ஒன்றில், "என் வசனம் இருக்கட்டும்மா" என்கிறார். இன்னொன்றில் அவரே வெட்டச் சொல்கிறார். இரண்டும் நன்றாகவே இருந்தன. ஆனால் அவர் என்ன பேச வேண்டும், எங்கே வாயை மூட வேண்டும் என்று இத்தனை வருடம் மற்றவர்கள் தீர்மானித்தது போதாதா? நானும் எதற்கு? இரண்டையும் அழித்துவிட்டேன்.

நீங்கள் உட்கார்ந்து பாருங்கள். கதவு மூடியிருக்கிறது. உங்களுடைய மிக நல்ல நடிப்பு ஒரு திரையில். நீங்கள் மிகவும் ஆசைப்பட்டது இன்னொன்றில். அந்தப் பெண் உங்கள் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

சொல்லுங்கள்.