நோட்டீஸில் போட்டிருக்கிறபடி

டிராவல்ஸ் ஆபீஸில் அவளை எல்லோரும் வர்ணனை என்றுதான் கூப்பிடுவார்கள். வயது நாற்பத்தொன்று. டயர் கடைக்கு மேல் மாடியில், ஜெராக்ஸ் மெஷினுக்கும் தண்ணீர் கேனுக்கும் நடுவில் அவள் மேஜை. பயணிகளுக்குக் கொடுக்கும் நோட்டீஸ்களை எழுதுவது அவள் வேலை. போகாத கடலைப் பற்றி நாலு பக்கம், பார்க்காத பாலைவனத்தைப் பற்றி ஆறு பக்கம் என்று கேட்ட மாத்திரத்தில் எழுதித் தள்ளிவிடுவாள். கற்பனைக்கு என்ன, கால் வலிக்குமா, மூச்சு வாங்குமா?

அவள் எழுதியதிலேயே சக்கைப்போடு போட்டது 'மலையும் ஏரியும்: ஆறு நாள் நடை' என்ற நோட்டீஸ்தான். ஒன்பது வருஷமாக ஒரு வரிகூட மாறாமல் அச்சாகிக்கொண்டிருந்தது. இந்த வருஷம் முதலாளிக்கு என்ன தோன்றியதோ, "புதுசா ஒண்ணு போடணும். ஒரு சீட்டு காலியா இருக்கு. நீங்களே ஒரு தடவ போய்ப் பாத்துட்டு வந்து எழுதுங்க" என்று சொல்லிவிட்டார். ஆபீஸ் மாடிப்படி ஏறவே நடுவில் ஒரு தடவை நிற்கிறவள் அவள். வீட்டுக்காரர் தடுப்பார் என்று நம்பியிருந்தாள். அந்த மனுஷன் சாயங்காலமே நடைக்கு ஏற்ற ஷூ வாங்கிக்கொண்டு வந்து நின்றார். அவ்வளவு சீக்கிரம் சம்மதித்தது அவளுக்குக் கொஞ்சமும் பிடிக்கவில்லை.

பயணிகள் அவளையும் சேர்த்து நாலே பேர்; கூட்டிப்போக ஒரு வழிகாட்டி, சமைத்துப்போட ஒரு சமையல்காரர். ரிட்டயரான பள்ளிக்கூட இன்ஸ்பெக்டரும் அவர் மனைவியும் ஒரு ஜோடி. இன்ஸ்பெக்டர் நோட்டீஸை அட்டையில் கிளிப் போட்டுக் கொண்டுவந்திருந்தார். அதில் சொன்னது ஒவ்வொன்றும் கண்ணில் பட்டதும் சிவப்பு மையில் டிக் போடுவார். 'பச்சைக் கம்பளம் விரித்த புல்வெளி' என்ற இடத்தில் மட்டும் அரை டிக் போட்டுவிட்டு, "அங்கங்க மஞ்சளா இருக்கே" என்றார்.

இன்னொருவர் தபால் ஐயா. முப்பத்தெட்டு வருஷம் தபால்காரராக நடந்து பழகிய கால், அறுபத்தேழு வயதிலும் எல்லோருக்கும் முன்னால் போய் நின்றுகொண்டு காத்திருக்கும். அவரிடமும் நோட்டீஸ் இருந்தது, பழைய அச்சு, நாலாக மடித்து பிளாஸ்டிக் உறைக்குள். முதல் நாள் டீ குடிக்கிறபோதே அதைப் பிரித்து வழிகாட்டியிடம் காட்டினார்.

"தம்பி, அஞ்சாம் நாள் இந்த எதிரொலி ஏரி. பிரியமானவங்களக் கூப்பிடுங்க, மலை மூணு தடவ பதில் சொல்லும்னு போட்டிருக்கு. நிச்சயமா சொல்லுமில்ல?"

"சொல்லும்யா, சொல்லும்" என்றான் வழிகாட்டி. முகம் என்னமோ சொல்லாத மாதிரிதான் இருந்தது.

"என் வீட்டுக்காரி இதை பீரோ கதவுல ஒட்டி வச்சிருந்தா. வருஷா வருஷம் போலாமான்னு கேட்பா. நான் அடுத்த வருஷம் பாக்கலாம்பேன். போன மழைக்காலத்துல போய்ச் சேந்துட்டா. ஊர் பூரா நடந்தேன், அவளோட ஒரு நாள் நடக்கல. அந்த ஏரியில நின்னு ஒரு தடவ கூப்பிட்டுட்டுப் போயிடறேன். அதுக்குத்தான் வந்தேன்."

வர்ணனை டீயைக் கீழே வைத்துவிட்டாள். அந்த வரியை எழுதிய நேரம் அவளுக்கு நன்றாக நினைவிருந்தது. அச்சகத்து ஆள் வாசலில் நின்று அவசரப்படுத்துகிறான், கடைசிப் பக்கத்தில் ரெண்டு வரி இடம் காலி, கீழே டயர் கடையில் சுத்தியல் போடுகிற போடு ஒன்றுக்கு மூன்றாகக் கேட்கிறது. எழுதிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போய் நன்றாகத் தூங்கியும் இருக்கிறாள்.

"நீங்க ஆபீஸ்ல எந்த வேலைம்மா?" என்று வழிகாட்டி கேட்டான்.

"டைப்பிங்" என்றாள், சட்டென்று.

"அப்ப இந்த நோட்டீஸ எழுதுறது யாருன்னு தெரிஞ்சிருக்குமே. அந்த ஆள் என்னைக்காவது என் கையில கெடைக்கட்டும். ஒரே ஒரு கேள்வி கேக்கணும்."

"தெரியாதுப்பா" என்று அவள் ஷூ நாடாவைக் கட்ட ஆரம்பித்தாள். அது ஏற்கெனவே கட்டித்தான் இருந்தது.

இரண்டாம் நாள் ஒரு பள்ளத்தாக்கில் இறங்கும்போது எங்கிருந்தோ புல்லாங்குழல் கேட்டது. 'எங்கிருந்தோ மிதந்து வரும் குழலோசை' என்று எழுதியவளுக்கே புல்லரித்துப்போனது. ஆள் நடமாட்டமே இல்லாத இடம். தான் வாய்க்கு வந்தபடி எழுதியது எப்படி உண்மையானது? ஒருவேளை தனக்கு ஏதாவது சக்தி இருக்கிறதோ என்றுகூட ஒரு நிமிஷம் நினைத்துக்கொண்டாள். இன்ஸ்பெக்டர் டிக் போட்டார்.

சக்தி என்ன என்பது பத்து நிமிஷத்தில் தெரிந்துவிட்டது. அவசரத்துக்கு ஒதுங்க ஒரு புதரைத் தேடிப் போனவள், அதன் பின்னால் சமையல்காரர் மடியில் பட்டாணியைப் போட்டுக்கொண்டு குழல் ஊதுவதைப் பார்த்தாள். ஊதலுக்கு ஊதல் நடுவே ஒரு பட்டாணி உரிபட்டது. ஐம்பது வயது ஆள், மீசையெல்லாம் எச்சில்.

"அம்மா, உங்களக் கும்பிட்டுக் கேக்கறேன், வெளியில சொல்லிறாதீங்க" என்றார் அவர். "முதல் வருஷம் குழல் எங்கேன்னு கேட்டு ஒரு கோஷ்டி எங்களப் பிச்சு எடுத்துருச்சு. நோட்டீஸ்ல போட்டிருக்கேம்மா, நாங்க என்ன பண்றது? மூணு மாசம் கஷ்டப்பட்டுக் கத்துக்கிட்டேன். இந்த ஒரு பாட்டுதான் வரும்."

அவளுக்குப் போன அவசரமே மறந்துவிட்டது.

மூன்றாம் நாள் அதைவிட மோசம். 'ஏரிக்கரையில் தன்னந்தனியே நிற்கும் வெள்ளைக் குதிரை' என்று நோட்டீஸில் இருந்தது. சாமான் சுமக்க வந்தவை இரண்டும் பழுப்பு நிறக் கோவேறு கழுதைகள். காலையில் அதில் ஒன்றைக் காணோம், மாவு மூட்டையும் பாதியாகியிருந்தது. ஏரிக்கு வந்தால் அக்கரையில் வெள்ளையாக ஒன்று நின்றுகொண்டிருந்தது. குதிரைக்கு இவ்வளவு நீளமாகக் காது இருக்குமா என்று இன்ஸ்பெக்டர் மனைவி கேட்டார். "மலைக்குதிரை, அப்படித்தான் இருக்கும். கிட்டப் போகாதீங்க, கூச்ச சுபாவம்" என்றான் வழிகாட்டி.

கூச்சப்பட்டதோ இல்லையோ, அந்த நேரம் பார்த்துத் தூறல் போட்டது. அக்கரையில் குதிரை பிசைந்த மாவாக மாறத் தொடங்கியது. முதலில் முதுகு, பிறகு வயிறு என்று கட்டிகட்டியாக வழிந்தது. அது தன் தோளை நக்கிப் பார்த்துவிட்டு, ருசியாக இருந்திருக்க வேண்டும், நிறுத்தாமல் நக்கியது. எல்லோரையும் ஏரிக்கு முதுகைக் காட்டித் திரும்பி வானவில் பார்க்கச் சொன்னான் வழிகாட்டி. வானவில்லும் இல்லை. அதற்குள் சமையல்காரர் இடுப்பளவு பனித்தண்ணீரில் இறங்கி, கழுதையையும் இழுத்துவிட்டு, அரை மணி நேரம் தேய்த்துக் கழுவினார். அன்றைக்கு ஆளுக்கு ஒரு ரொட்டிதான் கிடைத்தது.

தண்ணீரில் நின்றதன் பலன் நான்காம் நாளில் தெரிந்தது. சமையல்காரருக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. ஐந்தாம் நாள் விடியும்போது காற்றுதான் வந்தது, குரல் வரவில்லை. வழிகாட்டி அவளைத் தனியாக அழைத்துக்கொண்டு போய்த் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டான்.

"அம்மா, நீங்க ஆபீஸ் ஆளு, ஒரு வழி சொல்லுங்க. அந்த ஏரியில எதிரொலியும் கிடையாது, ஒண்ணும் கிடையாது. சுத்தி வெட்டவெளி. இடது பக்கம் ஒரு பாறை இருக்கு, அது பின்னால உக்காந்து சமையல்காரர்தான் ஒன்பது வருஷமா மலையா பேசிக்கிட்டிருந்தார். இப்ப மலைக்குத் தொண்டை போயிருச்சு. நான் பயணிங்க கூட நிக்கணும். அந்தத் தபால் ஐயா ராத்திரி எழுந்து சட்டைய மடிச்சு தலகாணிக்கு அடியில வச்சுக்கிட்டுப் படுத்தார்மா, இன்னைக்கு மடிப்புக் கலையாம போட்டுக்க. அவர் முகத்த நான் எப்படிப் பாக்கறது? அத எழுதின பாவி மட்டும்..."

"நான்தான்" என்றாள் வர்ணனை.

"என்ன நீங்க?"

"நான்தான் எழுதினேன். எல்லாத்தையும். குழல், குதிரை, எதிரொலி, எல்லாம்."

வழிகாட்டி எழுந்து நின்றான். ஒன்பது வருஷக் கோபமும் வாய்வரை வந்து நின்றது முகத்தில் தெரிந்தது. அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

"ஏம்மா, வெள்ளைக் குதிரைன்னுதான் போடணுமா? பழுப்புன்னு போட்டா உங்க பேனா எழுதாதா?"

இதுதான் அந்த ஒரே கேள்வி. அவளுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது, ரெண்டையும் அடக்கிக்கொண்டு, "பாறை எங்க இருக்கு, காட்டு. நான் போறேன்" என்றாள்.

தலைவலி, பின்னால் வருவாள் என்று மற்றவர்களிடம் சொல்லப்பட்டது. அவள் குறுக்குவழியில் ஏறினாள். மாடிப்படியில் நிற்கிறவள் இந்த ஏற்றத்தில் நாலு அடிக்கு ஒரு தடவை நின்றாள், முட்டியைத் தேய்த்துக்கொண்டாள், தன்னையே திட்டிக்கொண்டாள். பாறைக்குப் பின்னால் சமையல்காரர் ஒன்பது வருஷம் உட்கார்ந்து வழவழப்பாக்கிய ஒரு இடம் இருந்தது. அதில் உட்கார்ந்து மூச்சு வாங்கி முடிப்பதற்குள் கீழே பேச்சுக்குரல் வந்துவிட்டது.

முதலில் இன்ஸ்பெக்டர். "ஹலோ!"

குரலை எவ்வளவு கட்டையாக்க முடியுமோ அவ்வளவு ஆக்கி, "ஹலோ... ஹலோ... ஹலோ" என்று ஒவ்வொன்றாகச் சின்னதாக்கிக்கொண்டே வந்தாள்.

"மலைக்கு ஜலதோஷமோ, கீச்சுனு இருக்கே?" என்று இன்ஸ்பெக்டர் மனைவி கேட்பது காதில் விழுந்தது.

"உயரத்துல காத்து கம்மி, அப்படித்தான் கேக்கும்" என்றான் வழிகாட்டி. பொய் சொல்வதில் அவனும் அவளுக்குச் சளைத்தவன் இல்லை.

பிறகு தபால் ஐயாவின் முறை. மற்றவர்களைக் கொஞ்சம் தள்ளி நிற்கச் சொன்னார் போல, காலடிச் சத்தம் விலகியது. அவள் பாறையின் விளிம்பில் ஒற்றைக் கண்ணை வைத்துப் பார்த்தாள். மடிப்புக் கலையாத சட்டை. தலையைத் தண்ணீர் தொட்டு வாரியிருந்தார். வாயைத் திறந்தார், மூடினார். தொண்டையைச் செருமினார். என்ன பெயர் சொல்லிக் கூப்பிடப்போகிறாரோ, சரியாகக் காதில் வாங்கி மூன்று தடவை திருப்பிச் சொல்ல வேண்டுமே என்று அவள் காதைத் தீட்டிக்கொண்டாள். ஒரு எழுத்து தப்பினாலும் காரியம் கெட்டுவிடும். மூச்சை நிரப்பித் தயாராக இருந்தாள்.

பெயரெல்லாம் சொல்லிக் கூப்பிட்டுப் பழகிய மனுஷன் இல்லை அவர்.

"ஏ, இவளே!" என்று கூப்பிட்டார்.

பதினாறு வருஷமாகக் குளியலறையிலிருந்தும் மொட்டைமாடியிலிருந்தும் இப்படித்தான் அவளையும் ஒருத்தர் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார். துண்டைக் காணோம், சாவியைக் காணோம். புத்தி முந்துவதற்குள் வாய் முந்திவிட்டது.

"என்னங்க?"

ஏரி முழுக்கக் கேட்டது. ஒரே ஒரு தடவை.

வழிகாட்டியின் கையிலிருந்த தடி கீழே விழுந்தது. இன்ஸ்பெக்டர் அட்டையில் பேனாவை வைத்தவர் வைத்தபடியே நின்றார், இதற்கு என்ன குறி போடுவது என்று அவருக்கும் தெரியவில்லை. அவள் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். கெடுத்துவிட்டாள். அந்த மனுஷன் ஒன்பது மாசமாக மனசில் வைத்திருந்ததை ஒரு நொடியில் கோமாளித்தனமாக்கிவிட்டாள்.

தபால் ஐயா தண்ணீரை ஒட்டி இரண்டு அடி முன்னால் போனார். பிறகு, பக்கத்து அறையில் இருப்பவரிடம் பேசுகிற குரலில், "ஒண்ணுமில்ல, வந்துட்டேன். அதச் சொல்லத்தான் கூப்பிட்டேன்" என்றார். கொஞ்ச நேரம் தண்ணீரைப் பார்த்தார். "இடம் நல்லாத்தான் இருக்கு. நீ சொன்னது சரிதான்."

இன்ஸ்பெக்டர் மனைவி புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இன்ஸ்பெக்டர் பேனாவை மூடிப் பையில் வைத்துவிட்டார். அதற்குப் பிறகு அவர் அதைத் திறக்கவேயில்லை.

மத்தியானம் இறங்குகிற வழியில் ஒரு ஓடை. வர்ணனை கல்லில் கால் வைக்கத் தயங்கி நின்றபோது, அக்கரைக்கு முதலில் போயிருந்த தபால் ஐயா திரும்பி வந்து கை கொடுத்தார்.

"முட்டி பூரா பாறை மண்ணு ஒட்டியிருக்கும்மா, தட்டிவிடு" என்றார்.

அவள் அவசரமாகத் தட்டினாள். "ஐயா, மன்னிச்சிருங்க. நான் திருப்பிச் சொல்லணும்னுதான் இருந்தேன், வாய் தவறி..."

"எதுக்கு மன்னிப்பு? அஞ்சு நாளா அதத்தான் யோசிச்சுக்கிட்டு வந்தேன். எதிரொலின்னா நான் கத்தினத நானே கேக்கறது. வீட்டுல இப்ப தினமும் அதானே நடக்குது? கூப்பிட்டா என்னன்னு ஒருத்தர் கேக்கணும்மா. கேட்டாத்தானே சொல்ல முடியும்? நாப்பத்திரண்டு வருஷத்துல நீ சொன்னது சரின்னு ஒரு தடவ அவகிட்ட சொன்னதில்ல நான்."

வர்ணனை ஓடை நடுவில் நின்று அழுதுவிட்டாள். அவர் கையை விடாமல் பிடித்துக்கொண்டு, அவள் மூக்கைச் சிந்தி முடிக்கும்வரை பொறுமையாக இருந்தார்.

"ஆனா ஒண்ணு" என்றார் பிறகு. "அவ ஒருநாளும் என்னங்கன்னு மரியாதையா கேட்டதே கெடையாது. 'இப்ப என்ன?'ம்பா. அடுப்படியிலேர்ந்து அப்படியே வரும், கரண்டியோட."

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். சிரிக்கும்போது கண்ணிலிருந்து வழிந்ததை மடிப்புக் கலையாத அந்தச் சட்டைக் கையாலேயே துடைத்துக்கொண்டு, அடுத்த கல்லில் காலை வைக்கச் சொன்னார்.