டெர்வென்ட் ஆற்றில் மூழ்கிய கணவன்

ஹோபார்ட் துறைமுகத்துக்குச் சொகுசுக் கப்பல் வருகிற நாளென்றால் கோரலி பாஸ்கோவுக்குக் கை கால் நிலைகொள்ளாது. வேனைக் கழுவுவாள், கழுவிய வேனை மறுபடி துடைப்பாள், மலை தெரிகிறதா மேகம் மூடிக் கிடக்கிறதா என்று வாசலுக்கும் உள்ளுக்குமாக நடப்பாள். ஊர் சுற்றிக் காட்டக் கப்பல்காரர்களே ஏற்பாடு செய்யும் பேருந்துகளில் நாற்பது பேரை அடைத்து, இறக்கி, எண்ணி, மறுபடி அடைப்பார்கள். கோரலியின் வேனில் ஒரு குடும்பம் மட்டும்தான். நினைத்த இடத்தில் நிற்கலாம், நினைத்ததைத் தின்னலாம். ஒரே ஒரு சங்கடம் உண்டு. கப்பல்காரர்களின் பேருந்து தாமதமானால் கப்பல் காத்திருக்கும். தனி வேனுக்குக் காத்திருக்காது, கயிற்றை அவிழ்த்துக்கொண்டு போயே போய்விடும். ஆனால் இத்தனை வருடத்தில் கோரலி ஒருவரையும் கரையில் விட்டதில்லை. அந்தப் பெருமை அவளுக்கு உண்டு.

இன்னொரு பெருமையும் உண்டு. அது கலப்படமில்லாத பொய். மவுண்ட் நெல்சன் குன்றின் மேல் வேனை நிறுத்தி, டெர்வென்ட் ஆறு கடலில் கலக்கும் இடத்தைக் கைகாட்டி, பக்கத்து வீட்டு நாயைக் காப்பாற்றப் படகெடுத்துப் போன தன் கணவன் அங்கே மூழ்கிப்போன கதையைச் சொல்வாள். நாய் பிழைத்துவிட்டது. கணவன் திரும்பவில்லை. அவன் வருவான் என்று வாசல் விளக்கை அணைக்காமலே வைத்திருந்தாள். கதை விளக்குக்கு வரும்போது அமெரிக்கர்கள் அழுவார்கள், ஜெர்மன்காரர்கள் மூக்கைச் சிந்துவார்கள். இணையத்தில் அவள் பெயருக்குக் கீழே எழுதியவர்களில் பாதிப் பேர், கைக்குட்டை எடுத்துப் போங்கள் என்றே எழுதியிருந்தார்கள்.

உண்மையில் அவள் கணவன் பிரென்டன் எந்தத் தண்ணீரிலும் மூழ்கவில்லை. கேரவன் விற்கும் ஒருத்தியோடு கோல்ட் கோஸ்ட்டுக்குப் போய்விட்டான். அவளும் அவனை வைத்துக் குப்பை கொட்ட முடியாமல் விரட்டிவிட்டதாகக் கேள்வி. தொழில் தொடங்கிய புதிதில் ஒரு பயணி, உன் வீட்டுக்காரர் என்ன செய்கிறார் என்று கேட்க, பதில் தெரியாமல் விழித்ததைக் கோரலி மாமியாரிடம் சொல்லிச் சிரித்தாள். புருஷனைத்தான் விட்டாளே தவிர மாமியார் யூனாவை அவள் விடவில்லை. மூனா என்ற புறநகரில் முதியோர் குடியிருப்பில் இருக்கும் அவளை வியாழன்தோறும் போய்ப் பார்ப்பாள். "சாகடிச்சிடேன் அவனை" என்று யூனாதான் சொன்னாள். சொன்னதோடு நில்லாமல் நாயையும் விளக்கையும் அவளே சேர்த்துக் கொடுத்தாள். இரண்டு பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

இன்றைக்குத் துறைமுகத்தில் அவள் பிடித்து நின்ற பெயர்ப்பலகையில் ஷெரிலி டன் என்று எழுதியிருந்தது. செம்பருத்தி நிறத்தில் சாயம் பூசிய தலையோடு ஒரு பெண் ஓடிவந்து கோரலியைக் கட்டிக்கொண்டாள்.

"கோரலிதானே? ஐயோ, உங்களைப் பத்தி எவ்வளவு படிச்சிருக்கேன்! அவருக்குச் சொல்லவே இல்ல, திடீர்னு காட்டணும்னு வெச்சிருந்தேன். அடுத்த மாசம் எங்களுக்குக் கல்யாணம். டார்லிங், சீக்கிரம் வா!"

டார்லிங் வந்தான். முதலில் தொப்பை வந்தது, பிறகு தொப்பி, அதற்குக் கீழே பிரென்டன். கோரலியைப் பார்த்ததும் அவன் முகம் வெளிறிப்போயிற்று. ஷெரிலியின் முதுகுக்குப் பின்னால் நின்று, கையெடுத்துக் கும்பிடாத குறையாக, உதட்டின் மேல் விரலை வைத்தான்.

கோரலிக்குச் சிரிப்புத்தான் முட்டியது. சரி, நாய்க்காகச் செத்தவனை இப்போதே உயிர்ப்பித்து என்ன ஆகப்போகிறது, தன் பிழைப்பும் அதில்தானே இருக்கிறது என்று கதவைத் திறந்துவிட்டாள்.

"ஏறுங்க சார். தலை ஜாக்கிரதை."

சலமன்கா கடைத்தெருவைத் தாண்டி பேட்டரி பாயிண்ட் பகுதியின் சந்துகளில் வேன் நுழைந்தது. இப்ஸ்விச்சில் முடிதிருத்தும் கடை வைத்திருக்கும் ஷெரிலிக்கு வாய் ஓயவில்லை. எந்த வீட்டைப் பார்த்தாலும் அதன் வேலியில் பூத்திருக்கும் ரோஜா வரை பிடித்துப்போயிற்று.

"பிரென்டன் இந்த ஊர்க்காரர்தான், தெரியுமா? ஆனா பாவம், இப்ப இங்க அவருக்குன்னு யாருமே இல்ல. முதல் பொண்டாட்டி போய்ச் சேர்ந்துட்டாங்க."

"அப்படியா?" என்றாள் கோரலி, கண்ணாடியில் அவனைப் பார்த்தபடி. "எப்படிப் போனாங்களாம்?"

"அதைப் பத்திப் பேசவே மாட்டார். அவ்வளவு துக்கம்."

பிரென்டன் ஜன்னலுக்கு வெளியே ஏதோ அதிசயத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். கோரலிக்குக் கோபம் வரவில்லை. நான் உன்னைக் கொன்றேன், நீ என்னைக் கொன்றாய், கணக்கு சரியாகிவிட்டது என்றுதான் நினைத்தாள். விவாகரத்தானவனை ஊரில் ஆயிரம் கேள்வி கேட்பார்கள், மனைவியை இழந்தவனுக்கோ அண்டை அயலார் சமைத்துக் கொண்டுவந்து கொடுப்பார்கள். அவனுக்கு எப்போதும் வயிறுதான் முதல்.

"அம்மாவும் போயிட்டாங்களாம்" என்றாள் ஷெரிலி. "கல்லறையையாவது பார்க்கலாம்னேன். வேணாம், மனசு தாங்காதுன்னுட்டார்."

வேன் ஒருமுறை குலுங்கி நின்று, மறுபடி கிளம்பியது. குறுக்கே பூனை என்று கோரலி சொன்னாள். பூனையாவது ஒன்றாவது. யூனா இங்கிருந்து பத்துப் பதினைந்து நிமிடத் தூரத்தில், கிறிஸ்துமஸுக்கு மகன் அனுப்பாத வாழ்த்து அட்டைக்காக ஜன்னல் ஓரத்தில் இன்னமும் இடம் விட்டு வைத்திருக்கிறாள். இவன் ஊருக்குள் வந்து, ரோஜாவைப் பார்த்து, அவளைப் பார்க்காமல் சாயங்காலம் கப்பலேறிவிடுவான். கோரலிக்கு நெஞ்சு பற்றி எரிந்தது. வாயைத் திறந்து உண்மையைச் சொன்னால் தன் கதையும் சேர்ந்து நாறும். நாளைக்கே இன்னொரு கப்பல் வருகிறது. ஷெரிலி மாதிரி ஊர் முழுக்கப் பேசுகிறவள் ஒருத்தி இணையத்தில் ஒரு வரி எழுதினால் போதும், கோரலி கடையைக் கட்ட வேண்டியதுதான்.

மவுண்ட் நெல்சனில் வேனை நிறுத்தி, வழியில் வாங்கிய, சிப்பிக்கறி அடைத்த பணியாரத்தை ஆளுக்கொன்று கொடுத்தாள். கீழே ஆறு வெயிலில் பளபளத்தது. தூரத்தில் முகத்துவாரத்துக் கலங்கரை விளக்கம்கூடத் தெரிந்தது. பிரென்டன் பெஞ்சில் சாய்ந்து, மசாலா ஒழுக ஒழுக, உலகத்தில் தனக்கு ஒரு குறையும் இல்லாதவனாகத் தின்றான்.

ஷெரிலி கைக்குட்டையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். "இப்ப சொல்லுங்க. உங்க வீட்டுக்காரர் கதை."

பிரென்டனின் புருவம் ஏறியது. பின்னே, தான் செத்த விவரம் அவனுக்கு இப்போதுதானே தெரிகிறது.

கோரலி வழக்கம்போலத்தான் தொடங்கினாள். நாய் குரைத்தது, அலை உயர்ந்தது. அவன் நிம்மதியாகப் பணியாரத்தைக் கடிப்பதைப் பார்க்கப் பார்க்க அவள் நாக்கு வேறு பக்கம் திரும்பிற்று. அவனோடு பதினெட்டு வருடம் குடித்தனம் நடத்தியவள் அவள். அம்மாவைச் செத்தவள் என்று சொல்லக் கூசாதவன், படகு விஷயத்தில் ஒரு சொல் தப்பாகச் சொன்னால் பொறுக்கமாட்டான்.

"தெக்கத்திக் காத்து அன்னிக்குப் பேயா அடிக்குது. சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும், அதுல படகெடுக்கக் கூடாதுன்னு. எங்க வீட்டுக்காரருக்குத் தெரியாது. பாவம், படகுல எது முன்னாடி எது பின்னாடின்னே அவருக்குக் குழம்பும்."

பிரென்டன் மெல்வதை நிறுத்தினான்.

"வழியில எண்ணெய் தீர்ந்துபோச்சு. ஊத்தவே மறந்திருக்கார்."

"ஹும்" என்றான் பிரென்டன்.

"சரி, நங்கூரத்தையாவது போடுவோம்னு போட்டார். போட்டவர் அதைக் கயித்துல கட்டவே இல்ல."

"கட்டாம போட்டது உங்கண்ணன்டி!" பிரென்டன் துள்ளி எழுந்தான். பணியாரம் மண்ணில் விழுந்தது. "டரோனா பக்கம், ஈஸ்டருக்கு! நானா போட்டேன்? சொல்லு, நானா போட்டேன்?"

"எங்கண்ணன் கையில குடுத்தது யாரு? முடிச்சுப் போட்டுட்டேன்னு சொன்னது யாரு?"

"பீர் குடிச்சிட்டு ஆடினான் உங்கண்ணன்!"

"ஆமா, நீ எலுமிச்சை ஜூஸ் குடிச்ச! கல்யாண நாளும் அதுவுமா என்னை நடு ஆத்துல மூணு மணி நேரம் உட்கார வெச்சியே!"

"அதுக்கு உங்கம்மா பத்து வருஷம் என்னைக் குத்திக் காட்டலையா?"

அப்புறம்தான் இருவருக்கும் மூச்சு வாங்கிற்று. ஷெரிலி, அழுவதற்காக எடுத்த கைக்குட்டையை நிதானமாக மடித்துப் பையில் வைத்தாள்.

"செத்தவங்களுக்கு இவ்வளவு நல்லா சண்டை போட வருதே" என்றாள்.

பிறகு அவன் பக்கம் திரும்பினாள்.

"பிரென்டன். நீ சாகடிச்சவங்கள்ல வேற யார் உசுரோட இருக்காங்க?"

அவன் தன் ஷூவைப் பார்த்தான். கோரலிக்குப் பொறுக்கவில்லை.

"மூனாவுல ஒருத்தங்க இருக்காங்க. பேரு யூனா. காது கேக்கும், கண்ணு தெரியும், நாக்கு ரெண்டு ஆளுக்கு இருக்கு. நான் சொன்ன கதையும் முழுப் பொய்தான் ஷெரிலி. தாராளமா எழுதுங்க, எனக்கு நல்லா வேணும்."

"எழுதறேன், எழுதாம விடுவேனா? முதல்ல வண்டியை எடுங்க."

"கப்பல்..." என்று பிரென்டன் இழுத்தான்.

"நீ பேசாத" என்றார்கள் இரண்டு பெண்களும்.

யூனா கதவைத் திறந்ததும் கோரலியைத்தான் பார்த்தாள். "இன்னிக்கு வியாழக்கிழமை இல்லையே?" பிறகு பின்னால் நின்றவனைப் பார்த்தாள். தொண்ணூறை நெருங்கிய அந்த முகம் ஒரு நொடி வெறுமையாகிப் போயிற்று. ஆனால் யூனா லேசுப்பட்டவளா?

"அடடே! தண்ணியில போனவன் நனையாம வந்திருக்கானே!"

ஷெரிலி தன்னைத்தானே அறிமுகம் செய்துகொண்டாள். யூனா அவள் தலையை மேலும் கீழும் பார்த்து, அந்தச் சாயம் எனக்கு எடுக்குமா என்று கேட்டாள். கேட்ட மாத்திரத்தில் ஷெரிலி கைப்பையிலிருந்து கத்தரியும் சீப்பும் எடுத்து, துண்டைக் கழுத்தில் சுற்றி, கலைந்து கிடந்த நரை முடியைத் திருத்தத் தொடங்கிவிட்டாள். பிரென்டன் கதவருகே, உட்காரச் சொல்லாத விருந்தாளியாக நின்றான். அவன் கடிகாரத்தைப் பார்த்ததைக் கோரலி கவனித்தாள். அவளும் பார்த்திருந்தாள். இப்போது கிளம்பினால் கப்பலைப் பிடிக்கலாம். தொழில் பழக்கம், வார்த்தை தானாக வந்தது.

"கிளம்பணும்னா இப்பக் கிளம்பணும்."

"போடா, போ. கப்பல் போயிடப் போகுது" என்றாள் யூனா, தலையை அசைக்காமல்.

பிரென்டன் கதவின் கைப்பிடியைத் தொட்டான். ஆனால் போகவில்லை. "ஏம்மா, என்னைச் சாகடிக்கச் சொன்னது நீயாமே? இவதான் வண்டியில சொன்னா. பெத்தவ சொல்ற பேச்சா அது?"

"வேற என்னடா சொல்லச் சொல்ற?" யூனா சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். "இங்க அக்கம்பக்கத்துல தினமும் கேக்கறாங்க, உங்க பையன் ஏன் வர்றதில்லன்னு. செத்தவன்னா வராததுக்கு ஒரு காரணம் இருக்கு. உசுரோட இருக்கறவனுக்கு நான் என்ன காரணம் சொல்றது?"

கத்தரியின் சத்தம் நின்றது. அந்த விளக்கை வைத்துக் கோரலி எத்தனை கப்பல் ஜனங்களை அழவைத்திருக்கிறாள். அது யாருடைய வாசல் விளக்கு என்று ஒரு நாளாவது யோசித்தாளா?

பிரென்டன் கைப்பிடியை விட்டான். தொப்பியைக் கழற்றி மேசைமேல் வைத்தான். சமையல் மூலைக்குப் போய், முதுகைக் காட்டியபடியே, "கெட்டில் எங்கம்மா இருக்கு?" என்றான்.

"எப்பவும் இருக்கற இடத்துலதான்."

துறைமுகத்துப் பக்கமிருந்து கப்பலின் நீண்ட ஊதல் கேட்டது. ஷெரிலி காதில் வாங்காதவளாகச் சீப்பை எடுத்தாள். கோரலி வாழ்க்கையில் முதல்முறையாகத் தன் பயணிகளைக் கரையில் வைத்துக்கொண்டு, எழுந்திருக்காமல் உட்கார்ந்திருந்தாள்.

"நாளைக்கு வர்ற கப்பலுக்கு என்ன கதை சொல்லுவ?" என்று யூனா கேட்டாள்.

"செத்தவன் திரும்பி வந்துட்டான்னு சொல்றேன்."

யூனா சமையல் மூலையைப் பார்த்தாள். அங்கே மகன் ஒவ்வொரு அலமாரியாகத் திறந்து சர்க்கரையைத் தேடிக்கொண்டிருந்தான்.

"அதை யாரு நம்புவா?" என்றாள், துண்டின் ஓரத்தால் கண்ணைத் துடைத்துக்கொண்டு.